அறுபது தவணை கட்டினோம், இன்னும் இருநூற்று நாற்பத்தெட்டு பாக்கி

கடந்த ஆகஸ்டில் என் அண்ணனின் கைப்பேசிக்கு ஒரு குறுஞ்செய்தி வந்தது. ஆங்கிலத்தில் மூன்று வரி. அவருடைய வீட்டுக் கடனுக்கான வட்டி மாற்றப்பட்டுள்ளதாகவும், மாதத் தவணையில் மாற்றம் இல்லை என்றும், கடன் காலம் 'அதற்கேற்பத் திருத்தப்பட்டுள்ளது' என்றும் இருந்தது. தவணை கூடவில்லை என்பதால் அவர் நிம்மதியாகிவிட்டார். இரண்டு வாரம் கழித்து நான் ஊருக்குப் போனபோதுதான் பேச்சோடு பேச்சாகக் காட்டினார். "இது இன்னா சொல்றான் பாரு தம்பி, நல்லதா கெட்டதா?"

கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் ஓர் உருட்டாலையில் பதினான்கு ஆண்டுகளாக ஒப்பந்தத் தொழிலாளியாக இருக்கிறார் அண்ணன். மின்பராமரிப்பு வேலை. அண்ணியும் வேலைக்குப் போகிறார். இரண்டு சம்பளமும் சேர்ந்தால்தான் தவணை. 2020இல் கவரைப்பேட்டைக்குப் பக்கத்தில், எங்கள் காலனியை ஒட்டிய மனைப்பிரிவில் வீடு கட்ட, ஒரு வீட்டுவசதி நிதி நிறுவனத்தில் 20 இலட்சம் வாங்கினார். 20 ஆண்டுக் கடன், முதல் ஐந்தாண்டுக்கு மாறாத வட்டி 12 விழுக்காடு, அதன்பிறகு மாறும் வட்டி. மாதத் தவணை 22,022 ரூபாய். ஒரு மாதம்கூடத் தவறவில்லை.

கணக்கு அறிக்கையை வரவழைத்துப் பார்த்தோம். 60 தவணையில் அவர் கட்டியது 13 இலட்சத்து 21 ஆயிரம். அசலில் கழிந்தது 1 இலட்சத்து 65 ஆயிரம். மீதி அசல் 18 இலட்சத்து 35 ஆயிரம். புதிய வட்டி 13.5 விழுக்காடு. தவணையைக் கூட்டாமல் அதே 22,022ஐக் கட்டினால் இந்தக் கடன் முடிய இன்னும் 248 மாதம் ஆகும். கடன் வாங்கிய நாளில் பாக்கியிருந்தது 240 தவணை. ஐந்தாண்டு ஒழுங்காகக் கட்டிய பிறகு பாக்கி 248. அண்ணனுக்கு இப்போது 41 வயது. கடன் முடியும்போது 61 தாண்டியிருக்கும். ஆலையில் யாரும் அந்த வயதுவரை வைத்திருக்க மாட்டார்கள்.

மோசடி எதுவும் நடக்காமலேயே இது சாத்தியம் என்பதைத்தான் முதலில் புரிந்துகொள்ள வேண்டும். வீட்டுக் கடனில் ஒவ்வொரு மாதமும் மீதி அசலுக்கு வட்டி எடுத்துக்கொண்டு, தவணையில் மிஞ்சுவதைத்தான் அசலில் கழிப்பார்கள். 20 இலட்சத்துக்கு 12 விழுக்காடு என்றால் முதல் மாத வட்டி மட்டும் 20,000. அண்ணன் கட்டிய 22,022இல் வீட்டுக்குப் போனது 2,022 ரூபாய். அசல் கரையக் கரைய வட்டி குறையும். ஆனால் அந்தக் கரைதல் முதல் பத்தாண்டில் ஆமை வேகம். வட்டி ஏறாமலே இருந்திருந்தாலும் 240 மாதத்தில் அவர் கட்டியிருக்க வேண்டியது 52 இலட்சத்து 85 ஆயிரம். இப்போது வட்டி ஒன்றரை விழுக்காடு ஏறியதும், நிறுவனம் தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டியதும் சேர்ந்து அந்தத் தொகையை 67 இலட்சத்துக்கு மேலே கொண்டுபோய் நிறுத்தியிருக்கிறது.

இதே 20 இலட்சத்தை ஒரு வங்கியில் 8.5 விழுக்காட்டுக்கு வாங்கியிருந்தால் தவணை 17,356; மொத்தம் 41 இலட்சத்து 65 ஆயிரம். வீடு ஒன்றுதான், செங்கல்லும் சிமெண்டும் அதே விலைதான். அப்படியானால் அண்ணன் ஏன் வங்கிக்குப் போகவில்லை? போனார். இரண்டு வங்கிகளுக்குப் போனார். அந்த மனைப்பிரிவு அங்கீகாரமில்லாமல் போடப்பட்டது. 2016இல் சென்னை உயர்நீதிமன்றம் அத்தகைய மனைகளின் பதிவுக்குத் தடை விதித்து, 2017இல் அரசு வரன்முறைத் திட்டம் கொண்டுவந்தபோது, கட்டணம் கட்டி வரன்முறைப்படுத்தியாயிற்று. பட்டா இருக்கிறது, வில்லங்கம் இல்லை. முதல் வங்கியில் ஒப்பந்தத் தொழிலாளி என்பதால் சம்பளச் சான்று போதாது என்றார்கள். சரி, அது எழுதி வைத்த விதி. இரண்டாவது வங்கியில் மதிப்பீட்டாளர் வந்து பார்த்துவிட்டுப் போனார். பிறகு மேலாளர் சொன்னது: "டாக்குமெண்ட் எல்லாம் ஓகே சார். ஏரியாதான் கொஞ்சம்... ரீசேல் வேல்யூ இருக்காது."

ஏரியா என்றால் என்ன என்று விளக்க வேண்டியதில்லை. அம்பேத்கர் சிலையைத் தாண்டித்தான் அந்த மனைக்குப் போக வேண்டும். அரசு ஆவணங்களிலிருந்து 'காலனி' என்ற சொல் நீக்கப்படும் என்று 2025 ஏப்ரலில் முதலமைச்சர் சட்டமன்றத்தில் அறிவித்தார். வரவேற்கிறோம். மதிப்பீட்டாளரின் படிவத்தில் அந்தச் சொல் எப்போதும் இருந்ததில்லை. அவருக்கு அது தேவைப்பட்டதும் இல்லை.

அவர் ஏதோ தனிப்பட்ட வன்மத்தில் சொல்லவில்லை என்பதுதான் இதில் கவனிக்க வேண்டியது. காலனியை ஒட்டிய வீட்டைச் சாதி இந்துக்கள் வாங்க மாட்டார்கள். ஆகவே அதற்குச் சந்தை சிறியது. ஆகவே விலை குறைவு. ஆகவே ஈடாக அதன் மதிப்பு குறைவு. ஆகவே கடன் கிடையாது, அல்லது கூடுதல் வட்டிக்குக் கிடைக்கும். ஊர் செய்யும் தீண்டாமை வங்கிக்குள் நுழையும்போது 'இடர் மதிப்பீடு' என்று பெயர் மாற்றிக்கொள்கிறது. அண்ணன் கட்டுகிற 12க்கும் வங்கியின் 8.5க்கும் இடையில் இருக்கிற மூன்றரை விழுக்காட்டில் எவ்வளவு ஒப்பந்த வேலைக்கு, எவ்வளவு சாதிக்கு என்று பிரித்துக் காட்ட என்னால் முடியாது. ஆனால் நிரந்தர வேலை யாருக்குக் கிடைத்தது, யாருக்குக் கிடைக்கவில்லை என்பதும் சாதியோடு சேர்ந்த கதைதான்.

இந்த வட்டாரத்தின் நில வரலாறு தெரிந்தவர்களுக்கு இது புதிதாக இருக்காது. திருவள்ளூர் தனி மாவட்டமானது 1997இல். அதற்கு முன் இந்தப் பகுதியெல்லாம் செங்கல்பட்டு மாவட்டம். 1891இல் அந்த மாவட்டத்தின் ஆட்சியர் திரமென்ஹீர் பறையர்களின் நிலைகுறித்து அரசுக்கு அனுப்பிய அறிக்கைதான் 1892இல் பஞ்சமி நிலங்கள் ஒதுக்கப்படக் காரணமானது. குடியிருக்கும் குடிசையின் அடிமண்கூடத் தமக்குச் சொந்தமில்லாத நிலை அன்று. மிராசுதார் நினைத்தால் எழுப்பிவிடலாம். அந்த அடிமண்ணைச் சொந்தமாக்கிக்கொள்ளும் போராட்டம் நூற்று முப்பது ஆண்டுகளாகத் தொடர்கிறது. பிறகு சிப்காட் வந்தது. தேர்வாய் கண்டிகையில் தலித் மக்கள் பெருவாரியாக நம்பியிருந்த மேய்க்கால் நிலம் ஆயிரம் ஏக்கருக்கு மேல் தொழிற்பேட்டையானதும், அதை எதிர்த்து அவர்கள் நடத்திய போராட்டமும் பிரான்ஸ் வரை போனதும் இந்தத் தளத்தின் வாசகர்களுக்குத் தெரிந்ததே. நிலம் போனது. அந்த நிலத்தின்மேல் எழுந்த ஆலைகளில் ஒப்பந்த வேலை வந்தது. இப்போது அந்தக் கூலியை வைத்து மூன்று சென்ட் நிலத்தைத் திரும்ப வாங்குகிறோம், வட்டியோடு.

ஆதிதிராவிடர் நலத்துறை கொடுத்த வீட்டுமனைப் பட்டாவில் இருப்பவர்களின் நிலை இன்னும் சிக்கல். அவை நிபந்தனைப் பட்டாக்கள். பஞ்சமி நிலமானால் பத்தாண்டுக்குக் கைமாற்றக் கூடாது, அதன்பிறகும் ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்கு மட்டுமே கொடுக்கலாம் என்பது நிபந்தனை. வங்கி இதைக் குறைபாடாகப் பார்க்கிறது. நிபந்தனையை எடுத்துவிட்டால் கடன் கிடைக்குமே என்று நம் இளைஞர்கள் சிலரே பேசுவதைக் கேட்டிருக்கிறேன். எனக்கு அதில் உடன்பாடில்லை. நிபந்தனை இருக்கும்போதே அத்தனை பஞ்சமி நிலம் பறிபோயிருக்கிறது. அதையும் எடுத்துவிட்டால் முதல் கடன் தவறும்போதே மிச்சமும் ஏலத்துக்குப் போகும். மாற்றம் தேவைப்படுவது கடன் கொடுக்கும் முறையில்தான், நிலத்தின் பாதுகாப்பில் அல்ல.

"சொந்த வீடு எதற்கு? வாடகைக்கு இருந்துகொண்டு மிச்சப் பணத்தை மியூச்சுவல் ஃபண்டில் போடுங்கள்" என்று சொல்லும் யூடியூப் நிபுணர்கள் இப்போது ஏராளம். கூட்டிக் கழித்துப் பார்த்தால் அவர்கள் கணக்கு பல நேரம் சரியாகவே இருக்கும். அதில் ஒரு வரி மட்டும் விடுபட்டிருக்கும்: வாடகைக்கு வீடு கொடுப்பவர் இருக்க வேண்டும். அண்ணன் திருமணமான புதிதில் கும்மிடிப்பூண்டியில் வீடு தேடினார். முன்பணம், தண்ணீர், மின்கட்டணம் எல்லாம் பேசி முடித்த பிறகு வீட்டுக்காரம்மா கேட்பார்: "உங்களுக்கு எந்த ஊரு? ஊரா, காலனியா?" ஒரு வீட்டில் ஏழு மாதம் இருந்தார்கள். உறவினர் ஒருவர் கொண்டுவந்த அழைப்பிதழில் அம்பேத்கர் படம் இருந்ததைப் பார்த்த மறுவாரம், மகன் வெளிநாட்டிலிருந்து வருகிறான், வீடு வேண்டும் என்றார் உரிமையாளர். அந்த வீடு அதன்பிறகு நான்கு மாதம் பூட்டியே கிடந்தது. அண்ணனின் 67 இலட்சத்தில் இந்தக் கேள்வியைத் திரும்பக் கேட்காமல் இருப்பதற்கான விலையும் அடக்கம். அதனால்தான் 'முட்டாள்தனமான கடன்' என்று இதை யாராவது சொன்னால் எனக்குக் கோபம் வருகிறது. அவருக்கு வேறு வழி குறைவு. குறைவு என்பதைத் தெரிந்துதான் அதற்கேற்ப வட்டி வைக்கிறார்கள்.

இன்னொரு சமாதானமும் சொல்வார்கள். பணவீக்கம் இருக்கிறதே, இன்றைய 22,000 பதினைந்து ஆண்டு கழித்து ஒரு பொருட்டா, சம்பளம் ஏறிக்கொண்டே போகுமே என்று. அகவிலைப்படி வாங்கும் அரசு ஊழியருக்கு அது உண்மை. ஒப்பந்ததாரர் மாறும்போதெல்லாம் புதிய ஆளாகச் சேர்க்கப்படுபவருக்கு? வருமான வரிச் சலுகையும் அப்படித்தான். வீட்டுக் கடன் வட்டியில் ஆண்டுக்கு 2 இலட்சம் வரை கழித்துக்கொள்ளலாம், அதுவும் பழைய வரிமுறையில். வரி கட்டும் அளவுக்குச் சம்பளமே இல்லாதவருக்கு அதில் ஒரு ரூபாயும் இல்லை. பிரதமர் வீட்டுவசதித் திட்டத்தின் நகர்ப்புற இரண்டாம் கட்டத்தில் வட்டி மானியம் ஐந்து தவணையாக அதிகபட்சம் 1 இலட்சத்து 80 ஆயிரம். அண்ணன் முதல் ஒன்பது மாதத்தில் கட்டிய வட்டியைவிடச் சற்று அதிகம், அவ்வளவுதான்.

இனி அந்தக் குறுஞ்செய்திக்கு வருவோம். 2025 பிப்ரவரி முதல் ஜூன் வரை ரிசர்வ் வங்கி மூன்று முறை ரெப்போ வட்டியைக் குறைத்தது. 6.5 விழுக்காடு 5.5 ஆனது. அதே ஆண்டில்தான் அண்ணனுக்கு வட்டி ஏறியது. எப்படி? 2019 அக்டோபர் முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ போன்ற வெளிப்புற அளவுகோலோடு இணைக்கப்பட வேண்டும். அந்த விதி வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு இல்லை. அவை தாமே ஓர் அடிப்படை வட்டியை அறிவித்து, அதன்மேல் கடனாளியின் 'இடருக்கேற்ப' கூட்டிக்கொள்கின்றன.

இதில் வங்கிக்கும் பங்கு உண்டு. முன்னுரிமைத் துறைக்கு வங்கிகள் கட்டாயம் கடன் தர வேண்டும். நலிந்த பிரிவினருக்கென 12 விழுக்காடு இலக்கு உண்டு, பட்டியல் சாதியினரும் பழங்குடியினரும் அதில் அடக்கம். ஆனால் வங்கி நேரடியாகத்தான் கொடுக்க வேண்டும் என்பதில்லை. வீட்டுவசதி நிதி நிறுவனத்துக்கு மொத்தமாகக் கடன் கொடுத்து, அது ஒருவருக்கு 20 இலட்சம் வரை பிரித்துக் கொடுத்தால், அதையும் முன்னுரிமைத் துறைக் கடனாகக் கணக்குக் காட்டலாம் என்று ரிசர்வ் வங்கியின் வழிகாட்டுதல் அனுமதிக்கிறது. 'ஏரியா சரியில்லை' என்று நம்மைத் திருப்பி அனுப்பும் வங்கியின் பணமே, இடையில் ஒரு கைமாறி, கூடுதல் வட்டியோடு நம் தெருவுக்கு வந்துவிடலாம். காலனிக்குள் கால் வைக்காமலே இலக்கை எட்டிவிடலாம்.

அந்த நிறுவனம் காலத்தை நீட்டியதும் கேள்விக்குரியது. ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்ட் 18 அன்று வெளியிட்ட சுற்றறிக்கை வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கும் பொருந்தும். அதன்படி, மாறும் வட்டி மாற்றியமைக்கப்படும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டிலும் கொஞ்சமா என்பதைத் தேர்ந்தெடுக்கும் உரிமை கடனாளிக்கு உண்டு. காலாண்டுக்கு ஒருமுறை இதுவரை வசூலித்த அசல், வட்டி, மீதித் தவணைகளின் எண்ணிக்கை எல்லாம் கொண்ட அறிக்கை எளிமையாகப் புரியும்படி தர வேண்டும். அண்ணனிடம் யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் என்ன வித்தியாசம்? இந்த 13.5 விழுக்காட்டிலேயே மாதத் தவணையை 1,801 ரூபாய் கூட்டினால் கடன் முன்பு சொன்ன 180 மாதத்திலேயே முடிந்துவிடும். மிச்சமாவது 11 இலட்சத்து 60 ஆயிரத்துக்கு மேல். 1,801 ரூபாய்! ஒரு ஞாயிற்றுக்கிழமை கூடுதல் வேலை பார்த்தால் வரும் தொகையும் இன்னும் கொஞ்சமும். அதைக் கேட்டதும் அண்ணி சமையற்கட்டிலிருந்து வெளியே வந்து, "இத முன்னாடியே சொல்லியிருந்தா நகைச்சீட்ட நிறுத்திட்டு இத கட்டியிருப்பேனே" என்றார்.

கடன் கொடுத்த நாளின் கோப்பையும் பிரித்துப் பார்த்தோம். 20 இலட்சத்தில் 60,000 ரூபாய் ஒற்றைத் தவணைக் காப்பீட்டுக்காகக் கழிக்கப்பட்டிருந்தது. அந்தக் காப்பீடு கட்டாயம் என்று சொல்லித்தான் கையெழுத்து வாங்கினார்கள். சட்டத்தில் அப்படிக் கட்டாயம் எதுவும் இல்லை. அந்த 60,000மும் கடனோடு சேர்ந்து 12 விழுக்காட்டில் 20 ஆண்டு ஓடினால் 1 இலட்சத்து 58 ஆயிரமாகும். காப்பீட்டுக் காலமோ ஐந்தாண்டு. அது முடிந்துபோய்விட்டது, அதற்கான வட்டி இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. செயலாக்கக் கட்டணம், சட்டக் கருத்துக் கட்டணம், அடமான ஆவணப் பதிவு, வீடு கட்டி முடியும்வரை வாடகையோடு சேர்த்துக் கட்டிய முன்தவணை வட்டி இவற்றையெல்லாம் இங்கே கூட்டவில்லை. 2024 அக்டோபர் முதல் புதிய கடன்களுக்கு இந்தச் செலவுகளையும் சேர்த்து உண்மையான ஆண்டு வட்டி எவ்வளவு என்று காட்டும் முதன்மை விவர அறிக்கையைக் கடனாளிக்குப் புரியும் மொழியில் கொடுத்தாக வேண்டும். கையெழுத்துப் போடுவதற்கு முன் தமிழில் அதைக் கேட்டு வாங்குங்கள். மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் அபராதம் வசூலிக்கக் கூடாது என்பதும் பத்தாண்டுக்கு மேலாக உள்ள விதி. இன்றும் 'ஃபோர்குளோசர் சார்ஜ்' என்று பயமுறுத்துகிறார்கள்.

தவணை தவறினால் நடப்பதும் இந்தக் கடனின் விலையில் சேர வேண்டியது. 90 நாள் பாக்கி நின்றால் வாராக்கடன். 2002ஆம் ஆண்டின் சர்பாசி சட்டப்படி 60 நாள் அறிவிப்பு, அதன்பிறகு வழக்கு எதுவும் போடாமலே வீட்டைக் கைப்பற்றலாம். நாம்தான் 45 நாளுக்குள் கடன் வசூல் தீர்ப்பாயத்துக்குச் சென்னைக்கு ஓட வேண்டும். ஆலை மூன்று மாதம் மூடினால் போதும், இந்தக் கடிகாரம் ஓடத் தொடங்கிவிடும். அந்த ஏலத்தில் 'ரீசேல் வேல்யூ இல்லாத ஏரியா' என்ன விலைக்குப் போகும் என்பதை யோசித்துப் பாருங்கள்.

தாட்கோவின் முழுப்பெயரிலேயே வீட்டுவசதி என்ற சொல் இருக்கிறது. 1974இல் தொடங்கிய அந்தக் கழகம் இந்தக் கடன்களுக்கு அரசு உத்தரவாதம் கொடுத்து வங்கி வட்டிக்கே கிடைக்கச் செய்யலாம். ஏற்கெனவே கூடுதல் வட்டியில் மாட்டிக்கொண்டிருப்பவர்களின் கடனை வங்கிக்கு மாற்றித் தரலாம். அண்ணனின் 18 இலட்சத்து 35 ஆயிரம் 8.5 விழுக்காட்டுக்கு மாறினால், இப்போது கட்டும் அதே 22,022ஐக் கட்டியே பத்தரை ஆண்டில் கடன் முடிந்துவிடும். நிபந்தனைப் பட்டாவில் இருப்பவர்களுக்கு நிலத்தை ஈடாகக் கேட்காமல் அந்த உத்தரவாதத்தையே ஈடாக ஏற்கச் சொல்லலாம். நம் இயக்கங்கள் பட்டாவுக்காகப் போராடிய அளவுக்கு வட்டிக்காகப் போராடியதில்லை என்பதையும் சொல்லத்தான் வேண்டும். மாலையில் பாடம் நடக்கும் நம் மன்றங்களில் மாதம் ஒரு ஞாயிறு கடன் அறிக்கைகளை எடுத்துவரச் சொல்லி உட்கார்ந்து படிக்கலாம். எங்கள் காலனியில் தொடங்கியிருக்கிறோம். முதல் வாரம் வந்தவர்கள் ஒன்பது பேர். மீதித் தவணை எத்தனை என்று ஒருவருக்கும் தெரிந்திருக்கவில்லை.

அண்ணன் பெயரில் நிறுவனத்துக்கு மனு எழுதினோம், தவணையைக் கூட்டிக் காலத்தைப் பழையபடி வைக்கும்படியும், வட்டி ஏறிய காரணத்தை எழுத்தில் தரும்படியும். ஒரு மாதமாகியும் பதில் இல்லை. வீட்டுவசதி நிதி நிறுவனங்கள் மீதான புகாரை ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளர் எடுத்துக்கொள்வதில்லை, தேசிய வீட்டுவசதி வங்கிக்குத்தான் அனுப்ப வேண்டும் என்பதே அதன்பிறகுதான் தெரிந்தது. அனுப்பியிருக்கிறோம். புகார் எண் வந்திருக்கிறது. இதற்கிடையே 61, 62, 63ஆம் தவணைகள் போய்விட்டன. 64ஆவது வரும் ஐந்தாம் தேதி.